தோற்காத ராஜாவின் சதுரங்கம்

கருவேலங்குடி ராஜா சதுரங்கத்தில் தோற்றால், ஜெயித்தவனை அன்றைக்கே நாடு கடத்திவிடுவார். அரண்மனை வேலைக்காரி மூக்கம்மாளின் அண்ணன் சுடலைமுத்துவும் அப்படிப் போனவன்தான்.

ஒருநாள் தஞ்சாவூரிலிருந்து அனந்தநாராயணர் வந்தார். பல சமஸ்தானங்களில் ஆடிப் பட்டங்கள் வாங்கிய பெரிய ஆட்டக்காரர்.

"என்னை ஜெயித்தவன் எவனும் கிடையாது" என்றார் ராஜா. வெற்றிலைத் தட்டோடு நின்ற மூக்கம்மாளைப் பார்த்து, "நீயே சொல்லு!" என்று அதட்டினார்.

உண்மையைச் சொன்னால் அவளும் ஊரைவிட்டுப் போக வேண்டியதுதான். பொய் சொல்லவோ மனசு வரவில்லை.

"நம்ம சமஸ்தானத்துல ஒருத்தர்கூட இல்லீங்க, மகாராஜா."

ராஜா மீசையை முறுக்கினார். விருந்தாளி விடவில்லை. "அப்போ வேறெங்கே இருக்காங்க?"

"பக்கத்துச் சீமையிலங்க. ஜெயிச்ச அன்னிக்கே மகாராஜா அனுப்பி வெச்சிட்டாருங்க. எங்கண்ணனும் அங்கதான் இருக்கு."

அனந்தநாராயணர் விழுந்து விழுந்து சிரித்தார். "நல்ல ஆட்டக்காரங்க எல்லாம் அங்கேயா? நானும் அங்கேயே போறேன்" என்று மூட்டையைத் தூக்கினார்.

"இருங்க, இருங்க! எல்லாரையும் வரவழைக்கிறேன்!" என்று பதறினார் ராஜா.

சுடலைமுத்து வந்தான், ஆடினான், மறுபடியும் ஜெயித்தான். சபை ராஜாவைத் திரும்பிப் பார்த்தது. ராஜா விருந்தாளியை ஒருமுறை பார்த்தார்.

"காயை அடுக்குடா. இன்னொரு ஆட்டம்."