கொட்டலசுக் குஞ்சு இடம் தேடின கதை

ஒரு கடக்கரை ஊர்ல ஒரு அக்கா இருந்தாளாம். லோசனின்னு பேரு. காலேஜ்ல பெரிய ஆராய்ச்சி. என்ன ஆராய்ச்சிங்கற? வள்ளத்தோட அடியில சொரசொரன்னு ஒட்டிக்கிட்டு இருக்குமே கொட்டலசு, அதோட குஞ்சு எப்படி வளருதுன்னு. சிரிக்காத, "ம்" கொட்டு.

அந்தக் குஞ்சு கடுகுல பாதிகூட இருக்காது. லென்ஸ் வெச்சுத்தான் பாக்கணும். சளக் சளக்னு நீந்தும், ஆறு தடவை சட்டை மாத்தும். அப்புறம் சாப்பாடே கிடையாது. ஒட்டிக்க ஒரு இடம் தேடணும். ஒட்டிட்டா ஆயுசுக்கும் அங்கதான். இடம் பிடிக்கலைன்னா செத்தே போகும்.

முதல் தடவை லோசனி கண்ணாடித் தட்டை வெந்நீர்ல பளபளன்னு கழுவி வெச்சா. குஞ்சுங்க டுக் டுக்குனு நடந்து பாத்துச்சு. ஒண்ணும் ஒட்டல. எல்லாம் போச்சு. ம்... ரெண்டாந்தடவை கல்லைத் தேச்சுக் கழுவி வெச்சா. அதுவும் போச்சு. அவளுக்குச் சுத்தம்னா உசுரு, உங்க அத்தை மாதிரி. அப்போ அவ வாத்தியார் சொல்லிட்டாரு, இன்னும் ஒரே ஒரு தடவைதான், அப்புறம் இந்த ஆராய்ச்சியையே விட்டுரணும்னு. மூணு வருஷ உழைப்பு. பாவம், அவளுக்குச் சோறே எறங்கல.

அப்போ புதுசா கொட்டலசு எடுக்கக் கரைக்குப் போனா. அங்க அந்தோணிப்பிச்சைன்னு ஒருத்தர் வள்ளத்தைக் கவுத்துப் போட்டு கரக் கரக்குனு சுரண்டிக்கிட்டு இருந்தாரு. சுரண்டச் சுரண்ட ஒரே வசவு.

"போன தடவை சுரண்டுன அதே இடம், தாயி. பக்கத்துப் பலகை சும்மாதான கெடக்கு. இந்தச் சனியன் அங்க போகுதா?"

லோசனி அப்படியே நின்னுட்டா. குஞ்சு தன் சனம் இருந்த தடத்தைத் தேடித்தான் வருது, நாமதான் அதைக் கழுவித் தொலைச்சோம்னு தலையில அடிச்சுக்கிட்டா. அவர்கிட்டயே கொட்டலசுத் தடம் இருந்த ஒடஞ்ச பலகைத் துண்டு ஒண்ணு கேட்டு வாங்கி, கழுவாம கொள்ளாம அப்படியே காலேஜ்ல குஞ்சுங்க இருந்த தண்ணியில போட்டா.

அப்புறம் ஒரு குஞ்சு டுக் டுக்குனு நடந்துச்சு. நின்னுச்சு. சுத்திப் பாத்துச்சு. பழைய தடத்துக்குப் பக்கத்துல தலையைக் குத்தி வெச்சு, பச்சக்! ஒட்டிக்கிச்சு. அதுக்குப் பக்கத்துல இன்னொண்ணு. லோசனிக்கு அழுகை வந்து லென்ஸே மங்கிப் போச்சு.

ம்... நீயும்தான் பாய் முழுக்க உருண்டுட்டு, கடைசியா அம்மா தலை வெச்ச இடத்துல வந்து தலை வெக்கற. குஞ்சும் ஒட்டிக்கிச்சு, கதையும் ஒட்டிக்கிச்சு. இமையும் ஒட்டிக்கட்டும், தூங்கு.