ஒளிக்கோபுரம் கேட்ட பலி

முகிலூர் மன்னன் அவசரமாக எழுப்பிய ஒளிக்கோபுரம் கட்டக் கட்டச் சரிந்தது.

"அடியில் ஓர் ஆளை உயிரோடு புதைத்தால்தான் நிற்கும். புதைபடுபவர் தெய்வமாவார்," என்றார் அரண்மனை மந்திரவாதி.

சுண்ணாம்பு குழைக்கும் மாயக்காள் என்ற பெண்ணைக் குழியில் இறக்கினார்கள். இடுப்புவரை மண் ஏறியது.

"சாமி, தெய்வமானதும் நான் கேக்கறதை ஊரு தருமா?" என்று கேட்டாள்.

"தராவிட்டால் நாடே அழியும்!" என்றார் மந்திரவாதி.

"அப்படின்னா ராசா, இப்பவே கேட்டுடறேன். எனக்குப் பூசாரியா இந்தச் சாமிதான் வேணும். பக்கத்துலயே புதைச்சிடுங்க."

மன்னன் தலையசைத்தான். காவலர்கள் மந்திரவாதியைப் பிடித்துக் குழிக்கு இழுத்தார்கள்.

"வேண்டாம் அரசே! தேங்காய் உடைத்தாலே போதும்!" என்று அலறினார் அவர்.

"பிறகு எதற்கடா உயிரைக் கேட்டாய்?" என்றான் மன்னன்.

மாயக்காளை மேலே தூக்கினார்கள். மறுபடி நிதானமாகக் கட்டிய கோபுரம் அசையாமல் நின்றது, விளக்கில்லாமலே ஒளிர்ந்தது.