எட்டுக் கொடியும் ஒரு சிம்மாசனமும்

முன்னொரு காலத்தில், உட்கார்ந்த இடத்திலிருந்தே ஊரை அளக்க ஆசைப்பட்ட ஒரு மன்னர் இருந்தார். உத்தமவர்மர் என்று பெயர். தம் சிம்மாசனமே நாட்டின் நடு, இனி எந்த இடத்தையும் அதிலிருந்து எந்தத் திசை, எத்தனை தப்படி என்றுதான் சொல்ல வேண்டும் என்று ஒரு நாள் உத்தரவு போட்டார். சபையின் தரையில் வட்டம் வட்டமாகப் படம் எழுதினார்கள். நடுவில் சிம்மாசனம். கிழக்கே நானூறு தப்படி என்றால் குளம். தென்மேற்கே அறுநூறு என்றால் சந்தை. ஒவ்வொன்றுக்கும் ஒரு புள்ளி.

புள்ளி வைக்க யாராவது நடந்து எண்ண வேண்டுமே!

"விகடகவி கோதண்டனை அனுப்புங்கள், பிரபு. அவருக்குத்தான் சும்மா இருக்கப் பிடிக்காது" என்றார் தளவாய் வீரபாகு. கோதண்டன் சபையில் இல்லாவிட்டால் மன்னர் தம்முடைய பேச்சுக்குச் சிரிப்பார் என்று அவருக்கு ஒரு நப்பாசை.

மழைக்காலம் தொடங்கி அறுவடை வரை கோதண்டன் நடந்தான். கடைசிப் புள்ளியை வைத்துவிட்டு நிமிர்ந்தபோது முழங்கால் வீங்கியிருந்தது. வேடிக்கை பேசக்கூட நாக்கு எழவில்லை. வீட்டுக்குப் போய்க் காலை நீட்டிப் படுக்க வேண்டும். வேறு எதுவும் வேண்டாம்.

தளவாய் விடவில்லை. "பிரபு, படம் முடிந்ததைக் கொண்டாட வேண்டாமா? நாளை முரசு ஒலித்ததும் எட்டுத் திக்கிலும் எட்டுக் கொடிகள் ஒரே நேரத்தில் ஏறட்டும். நடந்து அளந்தவரே ஏற்றட்டும், தனியாக! முடியாவிட்டால் அளந்ததிலும் கோளாறு என்று அர்த்தம். முதலிலிருந்து மறுபடி நடக்கட்டும்."

"பலே!" என்றார் மன்னர்.

கோதண்டன் தூணில் சாய்ந்துகொண்டான். "எத்தனை தப்படியில், தளவாய் அவர்களே?"

"அது உமது இஷ்டம், ஐயா. கிட்டத்திலேயே வைத்துக்கொள்ளும்!" தளவாய் தாராளமாகக் கையை விரித்தார்.

மறுநாள் சபை நிரம்பி வழிந்தது. கோதண்டன் எட்டுக் கொடிக்கம்புகளையும் ஒரே கட்டாகக் கட்டித் தோளில் சுமந்து, நொண்டிக்கொண்டே வந்தான். நேராகச் சிம்மாசனப் படியேறினான்.

"கொஞ்சம் நகர்ந்து உட்காருங்கள், பிரபு."

மன்னர் திகைத்துப்போய் நகர்ந்தார். முரசு அதிர்ந்தது. அவர் பக்கத்தில் கொடிக்கட்டை நிறுத்திவிட்டு, கோதண்டனும் அங்கேயே பொத்தென்று உட்கார்ந்தான்.

"ராஜத் துரோகம்!" தளவாயின் கை வாளுக்குப் போயிற்று.

"கத்தாதீர்கள், தலை வலிக்கிறது. குனிந்து படத்தில் புள்ளி வையுங்கள். முதல் கொடி, கிழக்கே, பூஜ்யம் தப்படி."

தளவாயின் விரல் படத்தின் நடுவில் நின்றது.

"இரண்டாவது, மேற்கே, பூஜ்யம் தப்படி."

விரல் நகரவில்லை.

"தெற்கே?" என்று மன்னரே கேட்டார்.

"அங்கேயேதான், பிரபு" என்று முனகினார் தளவாய்.

"வடக்கே?"

"அதுவும்… அங்கேயேதான்."

"எட்டுத் திக்கும் ஒன்றாகக் கூடும் இடம் இந்த நாட்டில் இது ஒன்றுதான், பிரபு" என்றான் கோதண்டன். "எந்தத் திசைக்குக் கிளம்பினாலும் சரி, நடக்காதவன் இருப்பது இங்கேதான். இத்தனை நாள் நடந்து நான் கண்டுபிடித்தது அவ்வளவுதான்."

மன்னர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "என்ன வேண்டும், கேள்!"

கோதண்டன் அவர் தோளிலேயே சாய்ந்து குறட்டை விட்டுக்கொண்டிருந்தான்.

மன்னர் குரலைத் தாழ்த்தினார். "பல்லக்கில் ஏற்றி வீட்டில் விடுங்கள். அடுத்த மழைக்காலம் வரை யாரும் இவனைக் கூப்பிடக் கூடாது." பிறகு படத்தை உற்றுப் பார்த்தார். "அடடா, இவன் வீட்டுக்கு மட்டும் புள்ளியே இல்லையே! தளவாய், பல்லக்குக்கு முன்னால் நீர் நடந்து எண்ணிக்கொண்டு வாரும்."

பல்லக்கு கிளம்பியது. "ஒன்று… இரண்டு… மூன்று…" என்று தளவாயின் குரல் வாசலைத் தாண்டித் தேயத் தேய, விகடகவி விழித்துவிடப் போகிறானே என்று மன்னர் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்.