பேர்போன நிரல்

திருநெல்வேலியில் வைகுண்டம் என்றொரு மென்பொருள் கம்பெனி முதலாளி இருந்தார். பேருந்து டிக்கெட் மென்பொருளைத் தன் கையாலேயே எழுதியதாக ஊரெல்லாம் பீற்றிக்கொள்வார். ஒருநாள் அதன் மூல நிரல், அதாவது மனிதர் படிக்கும்படி எழுதிய வரிகள், தொலைந்துபோனது. ஓடுகிற மென்பொருள் மட்டும் மிச்சம்.

புதிதாகச் சேர்ந்த இசக்கியைக் கூப்பிட்டார். "அதைப் பிரிச்சு, நான் எழுதின மாதிரியே, நான் வச்ச பேரோடயே சாயங்காலம் காட்டணும். இல்லேன்னா நாளைக்கு வேலைக்கு வராதே."

"கம்ப்யூட்டர் மொழிக்கு மாறும்போதே, உள்ளே ஒவ்வொண்ணுக்கும் வச்ச பேரெல்லாம் போயிருக்கும் சார். ஏ, பி, சி-ன்னுதான் வரும். எழுதினவருக்குத்தான் அடையாளம் தெரியும்."

"எனக்கா தெரியாது? கொண்டா!"

மாலையில் மென்பொருளை வாங்கப் பேருந்து முதலாளி மரகதம்மாள் வந்திருந்தார். ஏ, பி, சி என்று வரிவரியாக நிரல் நிறைந்த திரையை இசக்கி காட்டினாள். வைகுண்டம் கண்ணாடியை மாட்டிக்கொண்டார்.

"அச்சு அசல் என் எழுத்து! இதோ டிக்கெட் கிழிக்கிற இடம். இதோ சில்லறை கொடுக்கிற இடம்."

இசக்கி ஒரு விசையைத் தட்டினாள். திரையில் பாம்பு ஒன்று நெளிந்து வந்து ஆப்பிளைத் தின்றது.

"நீங்க பார்த்தது என் போன்ல இருந்த பாம்பு விளையாட்டைப் பிரிச்ச நிரல் சார்."

மரகதம்மாள் குலுங்கிச் சிரித்தார். "பாம்புக்கு அரை டிக்கெட்டா, முழு டிக்கெட்டா, வைகுண்டம்?" பிறகு இசக்கியிடம் திரும்பினார். "தொலைஞ்சதை நீ மீட்டுத் தர்றதா இருந்தாத்தான் வாங்குவேன். முடியுமா தாயி?"

"எல்லாத்தையும் மீட்டுடலாம்மா. போன பேரைத்தான் மீட்க முடியாது."