பத்தொன்பது நிமிஷம் நாற்பது விநாடி

இதை எனக்கு முதலில் சொன்னவர் எங்கள் பங்கைச் சேர்ந்த ஸ்டெல்லா அக்கா. போன தவக்காலத்தில் ஒரு வெள்ளிக்கிழமை, சிலுவைப்பாதை முடிந்து, பஸ் வருமா வராதா என்று நின்றுகொண்டிருந்தபோது சொன்னார். அக்காவின் மகள் சதுரங்கப் போட்டிகளுக்கு நடுவராகப் போகிறவள். இதில் வருகிற இரண்டு ஆட்டத்தையும் மேசைப் பக்கத்தில் நின்று பார்த்தவள் அவள்தான்.

சேலத்தில் பொன்னுரங்கம் என்று ஒருவர். வயது நாற்பத்து நான்கு, பேங்கில் வேலை. சதுரங்கத்தில் இருபது வருஷமாக இன்டர்நேஷனல் மாஸ்டர். அதற்கு மேலே ஒரே ஒரு படி, கிராண்ட்மாஸ்டர். அந்தப் படி ஏற, மூன்று பெரிய போட்டிகளில் இன்ன தரத்துக்கு ஆடினார் என்று பேர் வாங்க வேண்டும். அதை நார்ம் என்கிறார்கள். இரண்டு நார்ம் எப்போதோ வாங்கிவிட்டார். மூன்றாவதுதான் ஒன்பது வருஷமாகக் கிட்ட வந்து வந்து நழுவியது. வீட்டில் அவர் மனைவி பட்டத்தை மாட்டுவதற்கென்று கூடத்துச் சுவரில் ஓர் ஆணி அடித்து வைத்திருந்தாள். சும்மா கிடக்கிறதே என்று பிற்பாடு அதில் காலண்டரை மாட்டிவிட்டாள். ஒவ்வொரு வருஷமும் காலண்டர் மட்டும் மாறியது.

அவருடைய குரு கோதை. வயது இருபத்தேழு. பதினாறு வயதிலேயே கிராண்ட்மாஸ்டர் ஆனவள். அவர் அவளை மேடம் என்பார், அவள் அவரை அண்ணா என்பாள். ஒரு சின்னப் பெண்ணிடம் போய்க் கைகட்டி நிற்கிறாயே என்று சிநேகிதர்கள் கேலி பண்ணினால், ஒரு தடவை அவளிடம் தோற்றுவிட்டு வந்து பேசுங்கள் என்பார்.

அந்த வருஷப் போட்டி ஒரு கல்யாண மண்டபத்தில் நடந்தது. கடைசிச் சுற்று. டிரா செய்தாலே போதும், மூன்றாவது நார்ம் கையில். எதிரே ஒரு வங்காளத்துக்காரர்.

சதுரங்கத்தில் ஆளுக்கொரு கடிகாரம் ஓடும். காயை நகர்த்திவிட்டுப் பொத்தானை அமுக்கினால் நம்முடையது நிற்கும், எதிராளியுடையது ஓடத் தொடங்கும். அந்தச் சமயம் பொன்னுரங்கத்துக்கு மிச்சம் ஐந்தே நிமிஷம். வங்காளத்துக்காரருக்கு இருபத்தைந்து. அந்த வங்காளத்து மனுஷர் யானையை நகர்த்தினார், பொத்தானை அமுக்க மறந்தார், எழுந்து டீ குடிக்கப் போய்விட்டார். அவருடைய நேரம் அதுபாட்டுக்கு ஓடியது.

மறந்ததை எதிராளி சொல்ல வேண்டும் என்று சட்டம் இல்லை. நடுவரும் வாய் திறக்கக் கூடாது. பொன்னுரங்கத்துக்குச் சொல்லிவிடலாம் என்றுதான் இருந்தது. ஆனால் இருபத்து நான்கு, இருபத்து மூன்று என்று எண் இறங்க இறங்க, கண்ணும் கடிகாரத்தோடு ஒட்டிக்கொண்டது. பூஜ்யத்துக்கு வந்தால் ஆட்டமே தன்னுடையது. காலண்டரை எந்தச் சுவருக்கு மாற்றலாம் என்றுகூட யோசித்துவிட்டார்.

வங்காளத்துக்காரர் திரும்பி வந்து உட்கார்ந்தார். எதிரே இருப்பவர் பலமாக யோசிக்கிறார் என்று நினைத்துப் பேசாமல் இருந்தார். நான்கு நிமிஷம் மிச்சம் இருக்கும்போதுதான் கண்ணில் பட்டது. தலையில் தட்டிக்கொண்டு சிரித்தபடி அமுக்கினார்.

இப்போது பொன்னுரங்கத்தின் ஐந்து நிமிஷம் ஓடத் தொடங்கியது. பலகையைப் பார்த்தால் வேறு யாரோ ஆடிய ஆட்டம் மாதிரி இருந்தது. பதறிப்போய்க் குதிரையை எடுத்து வைத்தார். அது காவல் காத்துக்கொண்டிருந்த யானை போயிற்று. கொஞ்ச நேரத்தில் ஆட்டமும் போயிற்று.

ஞாயிற்றுக்கிழமை கோதை வீட்டுக்குப் போனார். நடந்ததை ஒளிக்காமல் சொன்னார். நான்கு ராத்திரியாகத் தூக்கம் இல்லை என்றார். சிநேகிதர்களில் பாதிப் பேர் சொல்லியிருக்க வேண்டும் என்கிறார்கள், பாதிப் பேர் எதற்குச் சொல்ல வேண்டும் என்கிறார்கள் என்றார்.

"சொல்லாம விட்டதுக்குத்தான் கடவுள் தண்டிச்சிட்டாரா மேடம்? சொல்லணுமா, சொல்லக் கூடாதா? அதை மட்டும் சொல்லுங்க."

கோதை பலகையை எடுத்துப் போட்டாள். புதிதாக ஒரு நிலையில் காய்களை அடுக்கினாள். தனக்கு இருபத்தைந்து நிமிஷம், அவருக்கு ஐந்து என்று கடிகாரத்தைத் திருத்தினாள். ஒரு காயை நகர்த்தினாள். பொத்தானை அமுக்காமல் எழுந்து காபி போடப் போய்விட்டாள்.

பொன்னுரங்கம் விவரமானவர். ஓகோ, சோதிக்கிறாள் என்று புரிந்துவிட்டது. மேடம், கடிகாரம் என்று குரல் கொடுத்தார். உள்ளே பால் பொங்குகிற சத்தம்தான் வந்தது. இன்னொரு தடவையும் கூப்பிட்டார். பிறகு, நாம்தான் இந்தத் தடவை சொல்லிவிட்டோமே என்று நிம்மதியாகக் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

கோதை இரண்டு டம்ளரோடு வந்தாள். தோளில் கிடந்த துண்டை எடுத்துப் பலகைமேல் போர்த்தினாள். கடிகாரத்தைத் திருப்பி வைத்தாள்.

"எனக்கு எவ்வளவு நேரம் மிச்சம் அண்ணா?"

"பத்தொன்பது நிமிஷம் நாற்பது விநாடி." பளிச்சென்று வந்தது பதில்.

"நான் கடைசியா எந்தக் காயை நகர்த்தினேன்?"

பொன்னுரங்கம் துண்டைப் பார்த்தார். குதிரையா, சிப்பாயா, ஒன்றும் நினைவில்லை. காபியைக் குடித்துவிட்டு, போய்வருகிறேன் என்று எழுந்தார். வாசலில் செருப்பை இடம் வலம் மாற்றிப் போட்டுக்கொண்டு நடந்து, தெருமுனையில்தான் கவனித்தாராம். இதைச் சொல்லும்போது ஸ்டெல்லா அக்காவுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை.

ஏழு மாசம் கழித்து அடுத்த போட்டி. மறுபடி கடைசிச் சுற்று. இந்தத் தடவை டிரா போதாது, ஜெயித்தே ஆக வேண்டும். எதிரே மங்களூரிலிருந்து வந்த ஒரு கல்லூரிப் பெண். கெட்டிக்காரி. அவரைவிட வேகமாக ஆடி அவரைத் திணறடித்துக்கொண்டிருந்தாள். அந்த வேகத்தில் குதிரையை நகர்த்தியவள் பொத்தானை அமுக்க மறந்துவிட்டாள்.

பக்கத்தில் நின்ற அக்கா மகள் கடிகாரத்தையும் அவரையும் மாறி மாறிப் பார்த்தாள். போன தடவை நடந்ததைப் பார்த்தவள் ஆயிற்றே. ஆனால் வாய் திறக்கக் கூடாது.

பொன்னுரங்கம் கன்னத்தில் கையை வைத்துப் பலகையையே பார்த்துக்கொண்டிருந்தார். குடிக்க எடுத்த தண்ணீர் பாட்டிலை மூடியைத் திறக்காமலே வாய்க்குக் கொண்டுபோனார். கீழே வைத்தார். மறுபடி பலகை. எவ்வளவு நேரமோ. ஒரு கட்டத்தில் முகம் தெளிந்தது. யானையை எடுக்கக் கை நீண்டது. அப்போதுதான் கடிகாரம் கண்ணில் பட்டது. நீண்ட கையைத் திருப்பி, ஒரு விரலால் அந்தப் பெண்ணுக்குப் பொத்தானைக் காட்டினார்.

அவள் நாக்கைக் கடித்துக்கொண்டு அமுக்கினாள். அவர் யானையை வைத்தார். அதற்கப்புறம் ஒன்றரை மணி நேரம் ஆட்டம் நடந்தது. கடைசியில் அந்தப் பெண் எழுந்து கைகொடுத்தாள்.

மறுநாள் காலை மைசூர்பாகு டப்பாவோடு கோதை வீட்டில் நின்றார். ஊரே அதற்குள் அவரைக் கிராண்ட்மாஸ்டர் என்று கூப்பிடத் தொடங்கிவிட்டது. பேங்கில் மேனேஜர்கூடக் கூப்பிட்டுவிட்டார். கோதை மட்டும், வாங்க அண்ணா என்றாள்.

அவருக்குப் பழைய கேள்வி தீரவில்லை. அன்றைக்குச் சொல்லவில்லை, தோற்றேன். இன்றைக்குச் சொன்னேன், ஜெயித்தேன். அப்படியானால் சொல்வதுதான் சரியா என்று கேட்டார்.

கோதை அந்த ஆட்டத்தில் காய்கள் எங்கெங்கே நின்றன என்று கேட்டாள். அவர் பலகை இல்லாமலே சொன்னார். ராஜா இங்கே, யானை அங்கே, அந்தப் பெண்ணின் குதிரை எங்கிருந்து எங்கே வந்தது, எந்தச் சிப்பாய் அனாதையாக நின்றது, ஒன்று விடாமல்.

"கடிகாரத்தைக் காட்டினீங்களே, அப்போ அந்தப் பொண்ணுக்கு எவ்வளவு நேரம் மிச்சம் இருந்துச்சு?"

பொன்னுரங்கம் பின்மண்டையைச் சொறிந்துகொண்டார்.

"அதைப் பார்க்கலையே மேடம்."

கோதை டப்பாவைத் திறந்து ஒரு துண்டை எடுத்து அவர் கையில் வைத்தாள்.

"உட்காருங்க கிராண்ட்மாஸ்டர். காபி போட்டுக் கொண்டு வர்றேன்."

என் கடைசி மகள் வருகிற செவ்வாய்க்கிழமை ஒரு வேலைக்கு நேர்முகத் தேர்வுக்குப் போகிறாள். இதைக் கேட்டவர்கள் அன்றைக்கு அவளுக்காக ஒரு செபம் சொல்லுங்கள். அவளுக்கு முன்னால் உள்ளே போகிற பிள்ளைக்கும் ஒன்று சொல்லிவிடுங்கள்.