கேமராவுக்கு இந்தப் பக்கம்

ஓதிலுக்கு ஐம்பத்தாறு வயது. முப்பது வருடமாகப் பாரிஸில் சினிமாவிலும் தொலைக்காட்சியிலும் சின்னச் சின்ன வேஷங்களில் நடித்துவந்தாள். பதினோரு முறை நர்ஸ். பிணத்தை முதலில் பார்த்து அலறும் பக்கத்து வீட்டுக்காரியாக நான்கு முறை. ஒருநாள் சந்தையில் யாரோ ஒருத்தி அவளை நிறுத்தி, எந்த ஆஸ்பத்திரி என்று கேட்டுக் கால் வீக்கத்தைக் காட்டினாள். ஓதிலும் குனிந்து பார்த்து, உப்பைக் குறைக்கச் சொன்னாள்.

கடைசி மூன்று படங்களில் அவள் வந்த காட்சிகளை வெட்டிவிட்டார்கள். நான்காவதிலும் வெட்டினால் தன் பட்டியலிலிருந்து அவள் பெயரை எடுத்துவிடுவதாக ஏஜென்ட் சொல்லியிருந்தாள்.

ஓதில் மதாம் பெர்த்திடம் போனாள். செருப்புத் தைக்கும் கடைக்கு மேல்மாடியில் நடிப்புச் சொல்லிக்கொடுத்த மதாம் பெர்த் அவளைவிட நான்கு வயது இளையவர். ஆனாலும் மாணவர்கள் எல்லோரையும் ‘நீ’ என்றுதான் அழைப்பார்.

“என்ன வேஷம்?”

“குடியிருப்புக் காவல்காரி. மகனைத் தேடி ஒரு தாய் வந்து கதவைத் தட்டுகிறாள். ‘நேற்றே காலி செய்துவிட்டார்’ என்று சொல்ல வேண்டும். அவ்வளவுதான்.”

“தாய் யார்?”

ஓதில் ஒரு பெரிய நடிகையின் பெயரைச் சொன்னாள்.

“சரி. உனக்கு என்ன வேண்டும்?”

“வெட்ட முடியாதபடி அதை எப்படிச் சொல்வது?”

மதாம் பெர்த் வெளியே போய்க் கதவைச் சாத்திக்கொண்டு தட்டினார். ஓதில் திறந்து சொன்னாள்.

“எங்கே பார்க்கிறாய்?”

“கேமரா அங்கேதான் இருக்கும்.”

“கேட்டது நான்.”

மறுபடி தட்டினார். ஒன்பதாவது தடவை ஓதில் அவரைப் பார்த்துச் சொன்னாள். மதாம் பெர்த் அந்தத் தாயாகவே கொஞ்ச நேரம் வாசலில் நின்றார். பிறகு மேல்கோட்டை எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போய்விட்டார்.

ஏழு மாதம் கழித்து ஓதில் மறுபடி வந்தாள்.

“படம் வந்துவிட்டது.”

“பார்த்தாயா?”

“அவள் தட்டுகிறாள். கதவு திறக்கும் சத்தம் கேட்கிறது. அப்புறம் அவள் முகம் மட்டும்தான். என் குரல்கூட இல்லை. அந்த இடத்தில் இசை போட்டுவிட்டார்கள்.”

“முகம் எப்படி?”

“தியேட்டரில் ஒருவர்கூட இருமவில்லை.”

“எப்படி எடுத்தார்கள்?”

“முதலில் அவளை எடுத்தார்கள். நான் கேமராவுக்கு இந்தப் பக்கம் நின்று வசனம் கொடுத்தேன். நீங்கள் சொன்ன மாதிரி அவளைப் பார்த்துச் சொன்னேன். ஆறு டேக். ஆறு தடவையும் அழுதாள். பிறகு கேமராவை என் பக்கம் திருப்பினார்கள். அவள் களைத்துப்போய் கேரவனுக்குப் போய்விட்டாள். அவள் தலை இருந்த உயரத்தில் ஒரு ஸ்டாண்டில் சிவப்பு டேப் ஒட்டினார்கள். அவள் வசனத்தை உதவி இயக்குநர் காகிதத்தைப் பார்த்துப் படித்தார். நான் டேப்பைப் பார்த்துச் சொன்னேன்.”

“எப்படி வந்தது?”

“டேப்பிடம் சொன்ன மாதிரி.”

மதாம் பெர்த் சிரித்தார். ஓதில் சிரிக்கவில்லை.

“என் முறைக்கென்று கொஞ்சம் மிச்சம் வைத்திருக்க வேண்டும். புதிதாக வந்தவள்கூட வைத்திருப்பாள். உங்கள் பேச்சைக் கேட்டு எல்லாவற்றையும் அவளுக்குக் கொடுத்துவிட்டேன்.”

“ஆமாம்.”

“தெரிந்துதான் சொன்னீர்களா?”

“வெட்ட முடியாதபடி வேண்டும் என்றாய். அது படத்தில் இருக்கிறதே.”

“அவள் முகத்தில்.”

“வேறு எங்கே இருக்கும்?”

“அவளுக்கே அது தெரியாது, மதாம். படத்தை முதலில் திரையிட்ட அன்றைக்கு என்னை ஒப்பனைக்காரி என்று நினைத்துக் கையைப் பிடித்து நன்றி சொன்னாள்.”

“ஏஜென்ட்?”

“என் போட்டோக்களைத் தபாலில் திருப்பி அனுப்பிவிட்டாள்.”

கீழே செருப்புக் கடையில் சுத்தியல் சத்தம் நின்றிருந்தது. ஓதில் எழுந்து கையுறைகளைப் போட்டுக்கொண்டாள்.

“நிறுத்திவிடுகிறேன். இனிமேல் நடிக்கப்போவதில்லை.”

“சரி,” என்றார் மதாம் பெர்த். “என்னிடம் சொல்லியாயிற்று. வேறு யாரிடம் சொல்ல வேண்டும்?”

எண்ணுவதற்காக ஓதில் கையுறை போட்ட கையை விரித்தாள்; ஒரு விரல்கூட மடங்கவில்லை.