திறந்தே கிடந்த சிறை

பூட்டுக்கொல்லன் மாடக்கண்ணுவின் கைபட்டால் திறக்காத பூட்டே இல்லை. என்றைக்காவது கஜானாவையும் திறந்துவிடுவான் என்று சந்தேகப்பட்டு, கோட்டைத் தலைவர் அவனைச் சிறையில் அடைத்தார். நாற்பதாம் நாள் அரசர் சிறையைப் பார்வையிட வந்தார்.

"இவன் எதைத் திருடினான்?"

"இன்னும் திருடவில்லை, மகாராஜா. வெளியே விட்டால் திருடுவான்" என்றார் கோட்டைத் தலைவர்.

மாடக்கண்ணு கம்பிக்கு வெளியே கையை நீட்டிப் பூட்டை இழுத்தான். சாவியில்லாமலே அது கையோடு வந்தது.

"முதல் நாளே திறந்துவிட்டேன், மகாராஜா. வீட்டில் பிள்ளை பிறந்த சேதி வந்தபோதும் நான் போகவில்லை. என்னை நம்புவதற்கு ஐயாவுக்கு இன்னும் எத்தனை நாள் வேண்டுமாம்?"

கோட்டைத் தலைவர் தலைகுனிந்தார். வியந்து நின்ற அரசர், தாமே கதவைத் திறந்துவிட்டார். குற்றத்தைக் காட்டாமல் எவரையும் ஒரு நாளுக்கு மேல் அடைக்கக்கூடாதென்று அங்கேயே ஆணையிட்டார்.